முடிச்சுப் போட்ட கவர்: மலையடிவாரத் தெருக்காரர்களுக்கு ஒரு குப்பை வழிகாட்டி

எங்கள் தெருமுனையில் ஒரு டிரான்ஸ்பார்மர் இருக்கிறது. அதன் பக்கத்தில் முன்பு குப்பைத் தொட்டி இருந்தது. தொட்டியை மாநகராட்சி எடுத்துப்போய்ப் பல வருடமாகிறது, ஆனால் தொட்டி இருந்த இடம் என்கிற ஞாபகம் மட்டும் தெருவில் யாருக்கும் போகவில்லை. விடியற்காலையில் பால் வாங்கப் போனால் அங்கே கவர் கவராகக் கிடக்கும். ஒரு செவலைப் பசு வந்து நிற்கும். கவரை முகரும், காலால் ஒரு மிதி மிதிக்கும், வாயால் இழுக்கும். உள்ளே நேற்றைய சாம்பார் சோறு, முருங்கைக்காய்ச் சக்கை. வாசம் வருகிறது, முடிச்சு அவிழவில்லை. கொஞ்ச நேரம் போராடிப் பார்த்துவிட்டுக் கவரோடு விழுங்கும்.

மாடு பிளாஸ்டிக் தின்கிறது என்று நாம் சொல்லிக்கொள்கிறோம். அது தேடி வருவது சோற்றை. பிளாஸ்டிக்கை அதோடு சேர்த்துக் கட்டிக் கொடுப்பது நம் வீட்டுச் சமையலறை.

நான் இருப்பது வேலூரில், ஓட்டேரிக்கும் பாலமதி மலைக்கும் நடுவில். இந்தப் பக்கம் மாட்டோடு கதை முடிவதில்லை. கவர் கிடந்தால் நாய் வரும், குரங்கு வரும், கோடையில் மான் இறங்கும். சத்துவாச்சாரி, அமிர்தி, குடியாத்தம், பேரணாம்பட்டு என்று காட்டை ஒட்டிய எந்தத் தெருவுக்கும் இது பொருந்தும். ஆகவே இந்த வழிகாட்டி முழுக்க ஒரே வேலையைப் பற்றியது: வீட்டை விட்டு வெளியே போகும் எந்தக் கவரிலும் சோறு இருக்கக்கூடாது.

கழிவு என்றதும் வேலூர்க்காரர்களுக்குப் பாலாறும் தோல் தொழிற்சாலைகளும்தான் முதலில் நினைவுக்கு வரும். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில்தான், 1996 ஆகஸ்டில், மாசு செய்தவரே அதற்கு ஈடும் செய்யவேண்டும் என்கிற கொள்கை நம் நாட்டுச் சட்டத்தில் அடங்கியது என்று உச்சநீதிமன்றம் உறுதி செய்தது. அந்தச் சண்டை பெரியது, இன்னும் ஓயவில்லை. ஆனால் அந்தக் கொள்கையை நம் வீட்டுக் கவருக்குப் பொருத்திப் பார்த்தால் கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது.

வயிற்றுக்குள் என்ன நடக்கிறது

இதைத் தெரிந்துகொண்டால் மற்ற படிகளுக்கெல்லாம் காரணம் தானாகப் புரியும். மாட்டு வயிற்றில் நான்கு அறைகள். தின்றது முதலில் பெரிய அறையில் போய்த் தங்கும். அங்கே ஊறி, மறுபடி வாய்க்கு வந்து அசைபோட்டு, பொடியானது மட்டுமே மேற்கொண்டு இறங்கும். கவர் பொடியாகாது. அடுத்த கவரோடு பின்னிக்கொண்டு, சணல், துணி, தலைமுடி எல்லாவற்றையும் சுற்றிக்கொண்டு பந்தாகிவிடும். வயிறு நிறைந்தது போலவே இருப்பதால் மாடு தீவனம் எடுக்காது. இளைக்கும், பால் வற்றும். 2019 அக்டோபரில் சென்னை வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரியில் ஒரே பசுவின் வயிற்றிலிருந்து 52 கிலோ பிளாஸ்டிக்கை அறுவை செய்து எடுத்தார்கள்.

புள்ளிமானுக்கும் அதே நான்கறை வயிறு. ஒரு பெட்டை மானின் மொத்த எடையே ஏறக்குறைய 50 கிலோதான், அதனால் அதற்குச் சில கவரே போதும். மான் ஏன் கவரைத் தொடுகிறது என்றால் உப்பு. காட்டில் புல்லும் தழையும் கிடைக்கும், உப்பு லேசில் கிடைக்காது. உவர்மண்ணை நக்கித்தான் மான்கள் ஈடு செய்துகொள்ளும். சிப்ஸ் பாக்கெட்டின் உள்பக்கம் அதற்கு உவர்மண் மாதிரி.

ஆணி, கம்பித்துண்டு, ஸ்டேப்ளர் பின் விஷயம் இன்னும் மோசம். கனமானவை இரண்டாவது அறையில் போய் விழும். அந்த அறை இதயத்துக்கு மிக அருகில் இருக்கிறது. குத்திக்கொண்டு முன்னால் நகர்ந்தால் இதய உறையைத் தொட்டுவிடும்.

முதல் படி: ஒரு வாரம் எதையும் மாற்றாதீர்கள்

உற்சாகத்தில் மூன்று கலரில் வாளி வாங்கிவிட வேண்டாம். ஒரு வாரம் குப்பை வழக்கம்போலச் சேரட்டும். தினமும் வெளியே போகும் முன் பழைய பேப்பரைப் பரப்பிக் கொட்டிப் பார்த்து எடை போடுங்கள். காய்கறி வாங்கும் கொக்கித் தராசு போதும்.

எங்கள் வீட்டில் நாலு பேர். அந்த வாரம் மொத்தம் 11 கிலோ வந்தது. அதில் ஏழரை கிலோ மக்குவது. ஆனால் எடையைவிட எனக்கு உறைத்தது வேறு கணக்கு: முடிச்சுப் போட்ட கவர் 23. எங்கிருந்து இத்தனை என்று ஒவ்வொன்றாகப் பார்த்தால் மூன்றே கடை. டிபன் கடை, கறிக்கடை, பூக்கடை. சாம்பாருக்கு ஒரு கவர், சட்னிக்கு ஒன்று, எல்லாம் சேர்த்துக் கட்ட இன்னொன்று.

இரண்டாம் படி: அந்த மூன்று கடைக்கு ஒரு தூக்கு

தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் ஒருமுறை பயன்படுத்தி எறியும் 14 வகைப் பிளாஸ்டிக் பொருள்களுக்குத் தடை. 2021 டிசம்பரில் ‘மீண்டும் மஞ்சப்பை’ இயக்கம் தொடங்கியது. இருந்தும் கவர் வருகிறது என்பது எல்லோருக்கும் தெரியும், அதைப் பற்றிப் புலம்பிப் பிரயோசனமில்லை. நாம் வாங்கிக்கொள்ளாமல் இருப்பதுதான் சுலபம்.

கறிக்குத் தூக்குப் போணி. சாம்பாருக்கு இரண்டடுக்கு டிபன் கேரியர். பூவுக்கு வாழையிலைத் துண்டு கேட்டால் பூக்கார அம்மாவுக்கே சந்தோஷம். வாடாது என்று அவரே சொல்வார். தூக்கைச் சமையலறையில் வைத்தால் மறந்துவிடும். வண்டி சாவி மாட்டும் ஆணியிலேயே மாட்டி வையுங்கள். நான் மூன்று மாதம் மறந்து மறந்து கற்றுக்கொண்டது இது.

ஒரு ஏமாற்றுப் பையைப் பற்றிச் சொல்லவேண்டும். ஜவுளிக் கடையில், கல்யாண வீட்டில் தாம்பூலத்துக்குத் தரும் அந்தத் துணி மாதிரியான பை துணி அல்ல. ஓரத்தில் நூல் பிரித்துப் பாருங்கள். துணியென்றால் நூல் வரும். அதில் வராது, பஞ்சு மாதிரி பிய்யும். அதுவும் பிளாஸ்டிக்தான், 2019 தடைப் பட்டியலிலும் அது இருந்தது. வெயிலில் கிடந்தால் தூளாகி மண்ணில் கலந்துவிடும், பொறுக்கவும் முடியாது.

மூன்றாம் படி: சமையலறையில் கவர் போடாத பாத்திரம்

பெரும்பாலான வீடுகளில் தவறு நடக்கும் இடம் இது. குப்பைக் கூடைக்குள் ஒரு கவரை விரித்து, நிறைந்ததும் வாயைக் கட்டித் தூக்கிக் கொடுப்பது. கூடை சுத்தமாக இருக்கும், உண்மைதான். ஆனால் அதிலிருந்துதான் முடிச்சு பிறக்கிறது.

மூடியுள்ள பழைய எவர்சில்வர் பாத்திரம் ஒன்று போதும். அடியில் ஒரு தாள் பேப்பர். மிச்சக் குழம்பை நேராகக் கொட்டாமல், பாத்திரம் தேய்க்கும் தொட்டியில் ஒரு வடிகட்டி வைத்து நீரை இறக்கிவிட்டுச் சக்கையை மட்டும் போடுங்கள். நீர் இறங்கிவிட்டால் நாற்றம் பாதி குறையும். தினமும் காலி செய்து கழுவிக் கவிழ்த்தால் ஈ வராது.

இதன் பக்கத்திலேயே உலர்ந்த குப்பைக்கு ஒரு கோணிப்பை. அவ்வளவுதான். மூன்றாவது டப்பாவைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

நான்காம் படி: பானை

மக்கும் குப்பையை மாநகராட்சி வண்டியில் பிரித்துக் கொடுப்பதும் சரியான வழிதான். 2016 திடக்கழிவு விதிகளே பிரித்துக் கொடுக்கும் பொறுப்பை வீட்டுக்காரர் மேல் வைத்தன. ஆனால் வண்டி வராத நாள் ஒன்று வரும். பொங்கல், மழை, வேலைநிறுத்தம், ஏதாவது ஒன்று. அன்றைக்குத்தான் கவர் தெருமுனைக்குப் போகும். வீட்டில் பானை இருந்தால் அந்த நாளைப் பற்றிய கவலையே இல்லை.

வேலூரில் பானைக்குப் பஞ்சமில்லை. கரிகிரி மண்பாண்டத்துக்குப் பெயர்போன இடம். ஒவ்வொன்றும் 25, 30 லிட்டர் பிடிக்கிற மாதிரி மூன்று பானை, மூடியோடு. அடியிலும் பக்கவாட்டிலும் சுண்டுவிரல் நுழையும் அளவுக்கு ஏழெட்டுத் துளை. வாங்கும்போதே குயவரிடம் சொன்னால் சுடும் முன் போட்டுத் தருவார். சுட்ட பானையில் நீங்களே துளை போடப் போனால் விரிசல் விடும்.

பானையைக் கருங்கல் பலகைமேல், நிழலில் வையுங்கள். மண்தரையில் வைத்தால் பெருச்சாளி அடியில் வளை தோண்டும். மூடிமேல் ஒரு செங்கல் கட்டாயம்.

இனி நிரப்பும் முறை. அடியில் அரைச் சாண் உயரத்துக்குத் தென்னை நார் அல்லது சருகு. அதன்மேல் ஒரு கை காய்ந்த சாணம், அல்லது ஒரு டம்ளர் புளித்த மோர். சாணத்தில் இருக்கும் நுண்ணுயிர்தான் வேலையைத் தொடங்கும். பிறகு தினமும் சமையலறைப் பாத்திரத்தைக் கொட்டி, அதன்மேல் இரண்டு மடங்கு சருகு. எடையில் அல்ல, அளவில் இரண்டு மடங்கு. ஒரு சொம்பு குப்பைக்கு இரண்டு சொம்பு சருகு. இந்தக் கணக்கை விட்டால் எல்லாம் கெடும்.

சருகு எங்கே கிடைக்கும்? நம் ஊர்த் தெருக்களில் புங்கன், வேம்பு, வாதாம் இலை கொட்டாத மாதமில்லை. காலையில் பெருக்கி எரிக்கிறார்களே, அதைத்தான் கோணியில் அள்ளி வைக்கவேண்டும். வெறும் வேப்பிலையாகப் போடாமல் கலந்து போடுங்கள், தனி வேப்பிலை மெதுவாகத்தான் மக்கும். என் அனுபவத்தில் எல்லாவற்றிலும் சிறந்தது மல்லாட்டைத் தோல், அதாவது வேர்க்கடலைத் தோல். வடார்க்காட்டில் அதற்கா பஞ்சம்? உடைக்கிற மில்லில் ஒரு மூட்டை கேட்டால் கொடுப்பார்கள். ஈரத்தை நன்றாக உறிஞ்சும், உள்ளே காற்றுப் போக இடைவெளியும் விடும்.

மூன்று நாளுக்கு ஒருமுறை ஒரு கழியால் கிளறிவிடுங்கள். நாலாம் நாள் குப்பைமேல் கையை வைத்துப் பார்த்தால் காய்ச்சல்காரப் பிள்ளையின் நெற்றி மாதிரி சுடும். சுட்டால் பானை உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம். ஈரம் சரியா என்று பார்க்க ஒரு கை அள்ளிப் பிழியுங்கள். விரலிடுக்கில் ஈரம் மின்னவேண்டும், சொட்டக்கூடாது.

முதல் பானையை நான் கெடுத்தேன். சருகு எதற்கு இவ்வளவு என்று அலட்சியமாக ஒரு கைப்பிடி தூவினேன், ரசத்தையும் கொட்டினேன். பத்தாம் நாள் மூடியைத் திறந்தால் உள்ளே சாம்பல் நிறத்தில் தடித்தடியாகப் புழு, கீழே கறுப்புத் தண்ணி. வீட்டுக்காரி மூக்கைப் பொத்திக்கொண்டு, “இதுக்கு அந்த மாடே தின்னுட்டுப் போயிருக்கலாம்” என்றாள். அந்தப் புழு கறுப்பு ராணுவ ஈ என்கிற பூச்சியின் புழு, கெடுதல் இல்லை, குப்பையை வேகமாகத் தின்று தீர்க்கும் என்று பிறகு தெரிந்துகொண்டேன். நாற்றத்துக்குக் காரணம் ஈரம். மூன்று கூடை மல்லாட்டைத் தோலைக் கொட்டிக் கிளறினேன். இரண்டே நாளில் நாற்றம் போய்விட்டது.

மூக்குதான் வைத்தியர். அழுகல் நாற்றம் என்றால் ஈரம் அதிகம், சருகு போடுங்கள். மூக்கைக் குத்தும் மூத்திர நெடி என்றால் பச்சைக் குப்பை அதிகம், அதற்கும் சருகுதான். எறும்பு மொய்த்தால் காய்ந்துவிட்டது, அரிசி கழுவிய தண்ணீர் தெளியுங்கள். அக்னி நட்சத்திரத்தில் நம் ஊர்ப் பானை இரண்டே நாளில் காய்ந்துவிடும், அப்போது ஈரச் சாக்கைச் சுற்றி வைப்பது நல்லது. ஐப்பசி, கார்த்திகை மழையில் நேர்மாறு: சாரல் படாத இடத்துக்குப் பானையை மாற்றவேண்டும்.

ஒரு பானை நிறைய எங்களுக்கு ஒரு மாதமாகிறது, ஏனென்றால் போடப் போட அமுங்கும். நிறைந்ததும் மூடிவிட்டு அடுத்ததற்குப் போங்கள். மூன்றாவது நிறையும்போது முதல் பானை தயாராக இருக்கும். தயாரா என்று பார்க்க ஒரு தொட்டியில் கொட்டி நாலு வெந்தயம் தூவுங்கள். நாலைந்து நாளில் முளைத்தால் உரம் பழுத்துவிட்டது. முளைக்காவிட்டால் இன்னும் இரண்டு வாரம் போகட்டும். எங்கள் மாடியில் அந்த உரத்தில் முள்ளுக்கத்திரி வைத்திருக்கிறோம். இலவம்பாடிக் கத்திரிக்காய்க்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்ததே, அதே ரகம். இலவம்பாடி மண்ணில் வரும் ருசி தொட்டியில் வராது என்று என் மாமியார் இன்னும் அடித்துச் சொல்கிறார்.

பானையில் போடக்கூடாதவை: கறி, மீன், எலும்பு, எண்ணெய். தேங்காய் ஓடு, இளநீர்க் கூடு மக்க நெடுநாளாகும், தனியாக வையுங்கள். ஞாயிற்றுக்கிழமை பிரியாணி எலும்புதான் நம் ஊர்ப் பெரிய தலைவலி. வீட்டில் இடமிருந்தால் ஒன்றரை அடி குழியில் போட்டு மூடி, மேலே கல் வைக்கலாம். இல்லாவிட்டால் திங்கள் காலை வண்டியில் மூடியுள்ள டப்பாவிலிருந்து நேராகக் கொட்டுங்கள். ராத்திரியே வாசலில் வைத்தால் அது நாய்க்கு வைத்த இலைதான்.

பானைக்கு முந்தைய வழி

கழுநீர்த் தொட்டி ஞாபகமிருக்கிறதா? மாடு வைத்திருப்பவர் தினமும் குடத்தோடு வந்து அரிசி கழுவிய தண்ணீர், காய்த் தோல், வாழை இலை எல்லாம் வாங்கிப் போவார். பாகாயம் பக்கம் இன்னும் சிலர் வருகிறார்கள். நாடெங்கும் ‘வேலூர் சீனிவாசன்’ என்று அறியப்பட்ட சி. சீனிவாசன், குப்பையைக் கழிவு என்று சொல்லாமல் வளம் என்று சொல்லிக் கட்டிய முறையிலும் மாட்டுக்கும் வாத்துக்கும் கோழிக்கும் முக்கியமான இடமுண்டு. தின்னக்கூடியது கெட்டுப்போவதற்குள் தின்கிறவரிடம் போய்ச் சேரவேண்டும் என்பதுதான் அதில் நுணுக்கம். குப்பையில் நேரம்தான் எல்லாம்.

ஆனால் ஓர் எச்சரிக்கை. புண்ணியம் என்று நினைத்து மாட்டுக்கு வாளி நிறையச் சோறும் பொங்கலும் வைக்காதீர்கள். மாவுப்பொருள் அளவுக்கு மீறிப் போனால் வயிற்றில் அமிலம் ஏறி மாடு படுத்துவிடும், செத்துப்போவதும் உண்டு. மாட்டுப் பொங்கலுக்கு மறுநாள் கால்நடை மருத்துவர்களுக்கு ஓய்வே இருக்காது. தோல், தழை, இலை எவ்வளவும் கொடுங்கள். சோறு ஒரு கைப்பிடி.

ஐந்தாம் படி: கோணிப்பை

உலர்ந்த குப்பையில் வேலை குறைவு. பால் கவரைக் கத்தரிக்கும்போது மூலைத் துண்டு தனியாக விழாமல் ஓரத்தில் தொங்கவிடுங்கள். தனியாக விழும் அந்த முக்கோணத் துண்டு எந்தப் பைக்கும் போகாது, சாக்கடைக்குத்தான் போகும். கவரை அலசி, சமையலறைச் சுவரில் ஒட்டவைத்தால் காலையில் காய்ந்திருக்கும். மாதம் ஒருமுறை காயலாங்கடையில் பால் கவர், அட்டை, பாட்டில், டின் எல்லாம் எடுத்துக்கொள்வார்கள். டின்னை மிதித்துத் தட்டையாக்கிக் கொடுங்கள். வாயகன்ற டப்பாவுக்குள் தலையை விட்டு மாட்டிக்கொண்ட நாயையும் பாம்பையும் பார்த்தவர்களுக்கு ஏன் என்று தெரியும்.

உள்ளே வெள்ளி மினுக்கும் சிப்ஸ், பிஸ்கட் உறைகளைக் காயலாங்கடை தொடாது, அதில் காசில்லை. பல அடுக்குகளை ஒட்டிச் செய்தது, பிரிக்க முடியாது. அதைத் துடைத்து, சேர்த்து, மாநகராட்சி வண்டிக்குத் தனியாகக் கொடுங்கள். உப்பு வாசம் போகத் துடைப்பது முக்கியம், மேலே சொன்ன மான் காரணத்துக்காக.

எரிக்காதீர்கள். பிளாஸ்டிக் புகையில் நஞ்சு உண்டு என்பது ஒருபுறம். நம் பக்கத்து மலையில் மாசி, பங்குனியில் புல் வைக்கோலாகக் காய்ந்து நிற்கும். அடிவாரத்தில் எரியும் குப்பையிலிருந்து ஒரு கரி பறந்தால் போதும்.

மூன்றாவது டப்பா

வேலூர் மருத்துவமனை ஊர். 1900இல் டாக்டர் ஐடா ஸ்கடர் தொடங்கிய சிறு மருந்தகம்தான் இன்று சிஎம்சி என்கிற கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வந்து மாதக்கணக்கில் அறை எடுத்துத் தங்கி, தாங்களே சமைத்துக்கொள்பவர்கள் ஏராளம். ஆகவே நம் ஊர்க் குப்பையில் இன்சுலின் ஊசி, பஞ்சு, மாத்திரை அட்டை மற்ற ஊர்களைவிட அதிகம் இருப்பதில் ஆச்சரியமில்லை. ஊசியைக் கெட்டியான பிளாஸ்டிக் பாட்டிலில் போட்டு, மூடி, மேலே ‘ஊசி’ என்று எழுதித் தனியாகக் கையில் கொடுங்கள். லாட்ஜ், வாடகை அறை வைத்திருப்பவர்கள் மாடிக்கு ஒரு பாட்டில் வைத்தாலே போதும். எங்கள் தெருவுக்கு வரும் தூய்மைப் பணியாளர் அக்கா ஒருநாள் கையைக் காட்டினார். கட்டைவிரல் அடியில் ஊசி ஏறிய தழும்பு. “யாரு வூட்டு ஊசின்னும் தெரியாது சார், ஆறு மாசம் டெஸ்ட் எடுத்துக்கினே இருந்தேன்” என்றார்.

நாப்கினும் டயாப்பரும் பேப்பரில் சுற்றி, பேனாவால் சிவப்புப் புள்ளி வைத்து, இந்த மூன்றாவது டப்பாவில். பேட்டரி, பல்பு, உடைந்த கண்ணாடி வேறு பையில்.

ஆறாம் படி: தெருமுனை

வீடு சரியானபின் தெருமுனை. முதலில் சுத்தம் செய்து கோலம் போட்டோம். மறுநாள் கோலத்தின் நடுவில் அழகாக ஒரு கவர் இருந்தது. துளசித் தொட்டி வைத்தோம், அது திருட்டுப் போனது. போர்டு வைத்தோம், போர்டில் கவரை மாட்டினார்கள்.

பிறகுதான் யார் போடுகிறார்கள் என்று திட்டாமல், எப்போது போடுகிறார்கள் என்று பார்த்தோம். காலை ஆறேகாலுக்கு வேலைக்குக் கிளம்புகிறவர்கள். வண்டி வருவது எட்டு மணிக்கு. அவர்களுக்கு வேறு வழியில்லை. ஷூ கம்பெனிக்குப் போகும் ஒரு தங்கச்சி முகத்துக்கு நேராகவே கேட்டாள், “நான் என்னண்ணா பண்றது, பையில வச்சி வேலைக்கு எடுத்துக்கினு போவட்டா?” எதிர்வீட்டு அக்கா தன் கேட்டுக்குள் மூடியுள்ள இரண்டு வாளி வைக்க ஒத்துக்கொண்டார். காலையில் போகிறவர்கள் அதில் கொட்டிவிட்டுப் போகலாம், ஒரே நிபந்தனை: கவரோடு போடக்கூடாது, கொட்டிவிட்டுக் கவரைத் தனி வாளியில் போடவேண்டும். டிரான்ஸ்பார்மர் அடியில் கிடப்பது 20 கவரிலிருந்து மூன்று, நாலாகக் குறைந்தது. உங்கள் தெருவிலும் முதலில் நேரத்தைப் பாருங்கள்.

இரவில் ஏரிக்கரையில் கோழிக் கழிவு மூட்டை போடுகிறவர்களை இப்படிப் பேசித் திருத்த முடியாது. படம் எடுத்து, நேரத்தோடு, மாநகராட்சிக்கு எழுத்தில் புகார் கொடுங்கள். பதில் வராவிட்டால் மறுபடி கொடுங்கள்.

ஏழாம் படி: நாய், குரங்கு, மான்

காட்டை ஒட்டிய தெருவில் நாய்க்கூட்டத்தின் அளவைத் தீர்மானிப்பது பெரும்பாலும் குப்பைதான். குப்பையில் வயிறு நிறையும் நாய் பட்டினி இல்லாமல் பெருகும், கூட்டமாகும், தண்ணீர் தேடி இறங்கும் மானை விரட்டும். குடியாத்தம், பேரணாம்பட்டு பக்கம் இன்னொரு கண்ணி உண்டு: நாய் இருக்கும் இடத்துக்குச் சிறுத்தை வரும், அதற்கு நாய் சுலபமான இரை. வீட்டு நாய்க்குச் சோறு வைப்பதானால் வீட்டுக்குள் வையுங்கள். தெருநாய்க்கு வைப்பவர்கள் மலைப்பக்கமாக இல்லாமல் ஊர்ப்பக்கமாக, குறித்த நேரத்தில் வைத்து, மிச்சத்தை அள்ளிவிடுங்கள்.

பாலமதி ஏறுகிறவர்கள் குரங்குக்கு எதுவும் கொடுக்க வேண்டாம். குரங்கு கவரைப் பார்த்தால் பறிப்பது, கவர் என்றால் தின்பண்டம் என்று நாம் பழக்கியதால். மஞ்சப்பையில் பொரி தெரிந்தால் அதையும் பறிக்கும், அதற்கு நிறம் முக்கியமில்லை. ஜிப் வைத்த பையில் கொண்டுபோங்கள். பாட்டிலைத் திருப்பிக் கொண்டுவாருங்கள். உடைந்த கண்ணாடி ஆட்டுக் குளம்பையும் மான் குளம்பையும் கிழிக்கும். நீலகிரியில் 2022இல் காலி மதுபாட்டிலைத் திருப்பித் தந்தால் 10 ரூபாய் என்று கொண்டுவந்ததே, காட்டில் யானைக்காலில் கண்ணாடி ஏறுகிறது என்ற கவலையில்தான்.

வீட்டு வாசலில் மானுக்குத் தண்ணீர்த் தொட்டி வைப்பது நல்லெண்ணம், ஆனால் தவறு. அது மானை நாய் இருக்கும் இடத்துக்குக் கூப்பிடுவது. தொட்டி காட்டுக்குள் இருக்கவேண்டும், அது வனத்துறை வேலை. உங்கள் கிணற்றுக்குக் கைப்பிடிச் சுவர் இல்லாவிட்டால் அதைக் கட்டுங்கள். விரட்டப்பட்ட மான் பல சமயம் போய் விழுவது அதில்தான்.

மான் இறங்கிவிட்டால்

போன சித்திரையில் எங்கள் தெருவுக்கு ஒன்று வந்தது. பின்னங்காலில் நாய்க்கடி, காம்பவுண்டு மூலையில் ஒடுங்கி நின்றது. பத்து நிமிடத்தில் 40 பேர், எல்லார் கையிலும் போன். ஒருவர் பாட்டிலால் வாயில் தண்ணீர் ஊற்றப் போனார், அது புரையேறி நுரையீரலுக்குப் போகும் என்று தெரியாமல்.

மானுக்குக் காயத்தைவிடப் பயம் ஆபத்து. பிடித்து, அமுக்கி, சுற்றி நின்று கத்தினால் தசை இறுகி, உடல் சூடேறி, சில மணி நேரத்திலோ மறுநாளோ செத்துவிடும். முதல் வேலை நாயைக் கட்டுவது, இரண்டாவது ஆளை விலக்குவது. தெருவின் இரு முனையிலும் ஆள் நிறுத்துங்கள். வனத்துறைக்குச் சொல்லுங்கள், கிணற்றில் விழுந்திருந்தால் தீயணைப்புத் துறைக்கும். வனச்சரக அலுவலக எண்ணை இன்றைக்கே விசாரித்து வீட்டுச் சுவரில் எழுதி வையுங்கள், அந்த நேரத்தில் தேட முடியாது. மான் அசையாமல் படுத்திருந்தால் மட்டும் மெல்லிய துணியால் கண்ணை மூடலாம். இருட்டானால் கொஞ்சம் அடங்கும். மூக்கை மூடிவிடாதீர்கள். குட்டி தனியாகப் புதரில் படுத்திருந்தால் தூக்கவே தூக்காதீர்கள். தாய் அதை அங்கே விட்டு மேயப் போயிருக்கும்.

எங்கள் மூலையில் நின்ற மானை வனத்துறை ஆட்கள் வலையோடு வந்து கொண்டுபோனார்கள். அது பிழைத்ததா என்று இரண்டு நாள் கழித்துக் கேட்டேன். பிழைக்கவில்லை.

மூன்று மாதம் கழித்து

மறுபடி ஒரு வாரம் எடை போடுங்கள். எங்களுக்கு வண்டியில் போவது 11 கிலோவிலிருந்து மூன்றரைக்கு வந்தது. முடிச்சு 23இலிருந்து நாலு. அந்த நாலும் எனக்குத் தெரியும்: விருந்தாளி வந்த நாளில் வாங்கிய பரோட்டா சால்னா. தூக்கு ஆணியில்தான் தொங்கிக்கொண்டிருந்தது.